ஊமைப்படக் காமெடியில் சிரிப்பு வருவது வேகத்தாலா?

கேள்வி: 2 ஆகஸ்ட்

சாப்ளின், கீட்டன் குறும்படங்களை வரிசையாகப் பார்த்து முடித்தேன். படம் வேகமாக ஓடுவதால்தான் சிரிப்பு வருகிறது என்பது என் கட்சி. ஆள் விடுவிடுவென்று நடக்கிறான், தடாலென்று விழுகிறான், எழுந்து ஓடுகிறான். அதையே 0.75 வேகத்தில் வைத்துப் பார்த்தால் பாதிச் சிரிப்பு காணாமல் போகிறது. ஆக, நடிகனின் திறமையைவிட அந்தக் காலக் கேமராவின் கோளாறுக்குத்தான் இதில் பங்கு அதிகம். மறுப்பவர்கள் காரணத்தோடு மறுக்கவும்.

2 ஆகஸ்ட், இரவு

நீங்கள் பார்க்கும் வேகத்தில் இரண்டு சமாச்சாரம் கலந்து கிடக்கிறது. எடுத்தவர்கள் தெரிந்தே வைத்த வேகம் ஒன்று. பிற்காலத்தில் தவறான மெஷினில் ஓட்டியதால் ஏறிய வேகம் இன்னொன்று. இதைப் பிரிக்காமல் மேலே பேச முடியாது.

கைப்பிடிக் கேமராவில் ஒரு சுற்றுச் சுற்றினால் 8 ஃபிரேம், அதாவது 8 தனிப்படம், ஓடும். நொடிக்கு இரண்டு சுற்று, அதாவது 16 ஃபிரேம் என்பது பொதுக் கணக்கு. பேசும்படம் வந்தபோது ஒலிக்காக நொடிக்கு 24 என்று பூட்டிவிட்டார்கள். 16-ல் எடுத்ததை 24-ல் ஓட்டினால் எல்லாம் ஒன்றரை மடங்கு வேகமாகிவிடும். தொலைக்காட்சிக்கும் மலிவு வீடியோவுக்கும் பிரதி எடுத்த பலர் இதைக் கண்டுகொள்ளவில்லை. திருத்தப் போன சிலர் ஒன்றுவிட்டு ஒரு ஃபிரேமை இரண்டு முறை அச்சடித்து 16-ஐ 24 ஆக்கினார்கள். அப்போது வேகம் சரியாகும், ஆனால் நடை திக்கித் திக்கி வரும். அந்தத் திக்கலைத்தான் பலர் "ஊமைப்பட நடை" என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

சோதிக்க எளிய வழி உண்டு. 35 எம்.எம். பிலிமில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம். இரண்டு ரீல் படம் 1,800 அடி என்று வைத்துக்கொண்டால் 28,800 ஃபிரேம். 24-ல் ஓடினால் 20 நிமிடம். 20-ல் ஓடினால் 24 நிமிடம். 18-ல் 26 நிமிடம் 40 நொடி. 16-ல் அரை மணி நேரம். ஒரே படத்துக்கு இரண்டு மூன்று பிரதி கிடைத்தால், காட்சி எதுவும் வெட்டுப்படவில்லை என்று பார்த்துக்கொண்டு, ஓடும் நேரத்தை ஒப்பிடுங்கள். நீளமான பிரதியைப் பார்த்துவிட்டு உங்கள் கட்சியைத் திரும்பச் சொல்லுங்கள்.

3 ஆகஸ்ட்

வேகம்தான் சிரிப்பு என்றால் லாரல்–ஹார்டி யாரையும் சிரிக்க வைத்திருக்கக் கூடாது. 'பிக் பிசினஸ்' (1929) எடுத்துக்கொள்ளுங்கள். கலிபோர்னியா வெயிலில் வீடு வீடாகக் கிறிஸ்துமஸ் மரம் விற்கிறார்கள். ஜேம்ஸ் ஃபின்லேசன் கதவைச் சாத்தும்போது மரம் கதவிடுக்கில் மாட்டிக்கொள்கிறது. மறுபடி மணி அடிக்கிறார்கள், மறுபடி மாட்டுகிறது. அவர் மரத்தை வெட்டுகிறார். இவர்கள் அவர் வீட்டில் ஒன்றைப் பெயர்க்கிறார்கள். அவர் இவர்கள் காரில் ஒன்றைப் பெயர்க்கிறார்.

கவனிக்க வேண்டியது முறை. ஒருவன் உடைக்கும்போது மற்றவன் தடுப்பதில்லை. கையைக் கட்டிக்கொண்டு முழுசாகப் பார்க்கிறான். பார்த்து முடித்து, யோசித்து, பிறகு தன் முறைக்குப் போகிறான். அந்த இடைவெளியில் அடுத்தது என்ன என்று நாம் கணக்குப் போடத் தொடங்கிவிடுகிறோம், சிரிப்பு கருவாவது அங்கேதான். கடைசியில் கார் இரும்புக் குப்பையாகிறது. வீட்டில் ஜன்னல் மிச்சமில்லை, பியானோ புல்வெளியில் கோடரிக்கு இரையாகிறது. ஒரு போலீஸ்காரர் நின்று நிதானமாகக் குறிப்பேட்டில் எழுதுகிறார்.

இந்தப் பாணியை வளர்த்ததில் ஹால் ரோச் ஸ்டூடியோவில் மேற்பார்வையாளராக இருந்த லியோ மெக்கேரிக்குப் பெரிய பங்கு. அதற்கு முந்தைய கீஸ்டோன் ஸ்டூடியோவின் பாணியில் அடி, உதை, ஓட்டம் எல்லாம் ஒரே மூச்சில் வரும். இங்கே அடிக்கும் அடிக்கும் நடுவே மூச்சுவிட நேரம் கொடுக்கிறார்கள். 0.75-ல் வைத்தாலும் 'பிக் பிசினஸ்' தாங்கும்.

4 ஆகஸ்ட் (கேள்வி கேட்டவர்)

சரி, லாரல்–ஹார்டி வேறு ஜாதி என்று ஒப்புக்கொள்கிறேன். கீஸ்டோன் போலீஸ்? அது முழுக்க வேகம்தானே?

4 ஆகஸ்ட், மாலை

அதில் வேகம் உண்டு. தெரிந்தே வைத்தது. துரத்தல் காட்சிகளில் கைப்பிடியை மெதுவாகச் சுற்றுவார்கள், நொடிக்கு ஒன்றரைச் சுற்று என்றால் 12 ஃபிரேம். கார் நிஜத்தில் மிதமான வேகத்தில்தான் போகும். திருப்பத்தில் சறுக்குவதற்குத் தெருவில் சோப்புக் கரைசலை ஊற்றிவிடுவார்கள். நேரே வரும் கார் திருப்பத்தில் தானாகவே பின்புறத்தை வீசும்.

இன்னொன்றையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். 1920-களில் தியேட்டர்காரர்கள் 16-ல் ஓட்டிக்கொண்டிருக்கவில்லை. பல இடங்களில் 20, 22, 24 என்றே ஓட்டினார்கள். எடுத்ததைவிடச் சற்றுக் கூடுதலான வேகத்தில்தான் ஜனங்கள் பார்த்தார்கள். நகைச்சுவைக்காரர்களுக்கு அது தெரியும், அதற்குத் தக்கபடியே நடித்தார்கள். எனவே 'இயல்பு வேகம்' என்று 16-க்கு இறக்குவதும் தவறு. நடை இயல்பாகத் தெரிந்து, விழுகை மட்டும் துள்ளலாகத் தெரிகிற வேகம் ஒன்று ஒவ்வொரு படத்துக்கும் உண்டு. நல்ல மறுசீரமைப்புகள் அதைக் காட்சிக்குக் காட்சி தேடிப் பிடிக்கின்றன.

0.75 பற்றி நீங்கள் சொன்னதில் பாதி உண்மை இங்கேதான் இருக்கிறது. சரியான வேகத்தில் இருக்கும் பிரதியை 0.75-க்கு இறக்கினால் எந்த நடிகனும் தண்ணீருக்குள் நடப்பவன் ஆகிவிடுவான். அது அவன் குற்றமில்லை.

6 ஆகஸ்ட்

'கோளாறு' என்று சொன்னதற்கு நேர் பதில் இது. வேகம் எவ்வளவு இருந்தாலும், எங்கே விழ வேண்டும் என்ற கணக்கு தப்பினால் சிரிப்பு வராது. பஸ்டர் கீட்டனின் சுவர் இதற்கு நல்ல உதாரணம்.

முழு வீட்டு முகப்பு ஆள்மீது சரிகிறது. மேல்மாடி ஜன்னல் ஓட்டை சரியாக அவன்மீது இறங்குகிறது, அவன் நின்றபடி நிற்கிறான். 'ஸ்டீம்போட் பில் ஜூனியர்' (1928) நெடும்படத்தில்தான் எல்லாருக்கும் இது தெரியும். ஆனால் இந்தச் சரக்கு குறும்படத்தில் வளர்ந்தது. 1919-ல் 'பேக் ஸ்டேஜ்' படத்தில் மேடைத் தட்டி ஒன்று நடிகர் ராஸ்கோ ஆர்பக்கிள்மீது விழுகிறது, அதன் ஜன்னல் அவரைக் காப்பாற்றுகிறது. அது இலேசான தட்டி. 1920-ல் 'ஒன் வீக்' படத்தில் கட்டி முடிக்காத வீட்டின் சுவர் கீட்டன்மீது சரிகிறது. 1928-க்கு வரும்போது சுவர் டன் கணக்கில் கனம். கனம் ஏன் வேண்டும்? இலேசான சுவர் காற்றில் நெளியும், ஜன்னல் இடம் மாறும். விறைப்பாக இருந்தால்தான் சொன்ன இடத்தில் இறங்கும்.

கணக்கு இப்படி. சுவரின் அடியில் கீல். சுவரில் தரையிலிருந்து 15 அடி உயரத்தில் இருக்கும் புள்ளி, சாய்ந்த பிறகு கீலிலிருந்து 15 அடி தள்ளித் தரையைத் தொடும். ஆள் 15 அடி தள்ளி நிற்கிறான் என்றால் ஜன்னலின் நடு 15 அடியில் இருந்தால் போதும் என்று தோன்றும். போதாது. சுவர் முதலில் தொடுவது தலையை. ஐந்தரை அடி உயர ஆளின் உச்சந்தலை, கீலிலிருந்து அளந்தால் ஏறக்குறைய 16 அடி தூரத்தில் இருக்கிறது (15-ஐயும் 5.5-ஐயும் செங்கோண முக்கோணத்தின் இரு பக்கமாக வைத்துப் பாருங்கள்). அதாவது சுவர் இறங்க இறங்க, ஆள் ஜன்னலுக்குள் ஓர் அடி நகர்கிறான். தலைக்கு 16, காலுக்கு 15. உடம்பின் தடிமனுக்கு முன்னும் பின்னும் அரையடி. குறைந்தது 14.5-லிருந்து 16.5 வரை ஓட்டை வேண்டும். இதற்கு மேல் விடுகிற ஒவ்வொரு அங்குலமும் உயிருக்குப் பாதுகாப்பு, சிரிப்புக்கு நஷ்டம். ஓட்டை பெரிதாகத் தெரிந்தால் அபாயம் போய்விடும், அபாயம் போனால் சிரிப்பும் போய்விடும்.

கீட்டன் நிற்க வேண்டிய இடத்தைத் தரையில் ஆணியடித்துக் குறித்தார்கள். சுவர் விழும்போது அவர் அசைந்தால்தான் ஆபத்து. அந்த முகம் அசையாததற்கு நடிப்பு பாதிக் காரணம், பிழைப்பு மீதிக் காரணம்.

7 ஆகஸ்ட்

நேற்று எழுதியதோடு ஒட்ட வேண்டியது: இந்தச் சுவரை இரண்டு ஷாட்டாக வெட்டிப் பாருங்கள். சுவர் சரிகிறது, வெட்டு. ஆள் ஓட்டைக்குள் நிற்கிறான், வெட்டு. முடிந்தது. யாரும் நம்ப மாட்டார்கள். ஒரே ஷாட், தலை முதல் கால் வரை, சுற்றிலும் போதுமான வெளி. கீட்டன் குறும்படங்களில் முக்கியமான சேட்டைகள் எல்லாம் தூரத்து ஷாட்டில்தான் இருக்கும். 'காப்ஸ்' (1922) படத்தில் துரத்தும் போலீஸிடமிருந்து தப்ப, கடந்து போகிற காரை ஒற்றைக் கையால் பிடிக்கிறார், உடம்பு கிடைமட்டமாகப் பறந்து ஃபிரேமை விட்டுப் போய்விடுகிறது. குளோசப் வைத்திருந்தால் அது வெறும் கை.

8 ஆகஸ்ட் (இன்னொரு வாசகர்)

விழும்போது அடிபடாதா? உள்ளே பஞ்சு வைத்திருப்பார்களா?

8 ஆகஸ்ட், இரவு

இடுப்பிலும் பின்புறத்திலும் திணிப்பு வைப்பவர்கள் உண்டு. தொளதொளக் கால்சட்டைக்கு அதுவும் ஒரு பயன். ஆனால் காப்பாற்றுவது முறைதான்.

மல்லாக்க விழுவதற்கு: தாடையை நெஞ்சோடு ஒட்டு. இதைச் செய்யாவிட்டால் பின்மண்டை தரையில் மோதும், மற்றதெல்லாம் சரியாகச் செய்தும் பயனில்லை. முதுகை வளை. உயரத்திலிருந்து அப்படியே விழாமல், முடிந்தவரை தாழ்ந்த பிறகு பின்புறத்தின் ஒரு பக்கச் சதையில் இறங்கி, முதுகு வழியாக உருள். நடு வால் எலும்பில் நேராக உட்கார்ந்தால் வாரக்கணக்கில் உட்கார முடியாது. கைகளை உடம்பிலிருந்து 45 பாகை விலக்கி, உள்ளங்கையையும் முன்கையையும் சேர்த்துத் தரையில் அறை. கையைப் பின்னால் ஊன்றவே கூடாது. மணிக்கட்டும் முழங்கையும் முறிவது அப்படித்தான். இறங்கும்போது மூச்சை வெளியே விடு. மூச்சைப் பிடித்துக்கொண்டு விழுந்தால் நெஞ்சு இறுகி அதிர்ச்சி முழுவதும் விலாவுக்குப் போகும்.

வாழைப்பழத் தோலில் யாரும் உண்மையில் வழுக்குவதில்லை. நிஜமாக வழுக்கினால் எந்தப் பக்கம் விழுவோம் என்பது நம் கையில் இல்லை. தோலை மிதிப்பதுபோல் காட்டி, முன்காலைத் தானே உயர வீசி, பின்காலால் தரையை உந்த வேண்டும். ஆக அது ஒரு குதி. பார்ப்பவன் கண்ணுக்கு வழுக்கல். தரையில் எண்ணெய், சோப்பு எதுவும் இருக்கக்கூடாது.

கீட்டனுக்கு இது சிறுவயதுப் பாடம். அப்பா அம்மாவோடு 'த்ரீ கீட்டன்ஸ்' என்ற வாடவில் (பல்சுவை) மேடைக் குழுவில் அப்பா அவரைத் தூக்கி எறிவார். எறிய வசதியாகச் சட்டை முதுகில் பெட்டிக் கைப்பிடி தைத்திருந்தது.

ஆனாலும் அடிபட்டது. 1921-ல் 'தி எலெக்ட்ரிக் ஹவுஸ்' எடுக்கையில் நகரும் படியில் காலணி சிக்கிக் கணுக்கால் முறிந்தது. அந்தப் படத்தை நிறுத்திவிட்டு, 1922-ல் முதலிலிருந்து திரும்ப எடுத்தார்கள். இன்னொரு ஊமைப்பட நகைச்சுவை நடிகர் ஹரால்ட் லாய்டுக்கு 1919-ல் புகைப்படம் எடுக்கும்போது பொய்க்குண்டு என்று நினைத்தது வெடித்து, வலது கைக் கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் போயின. அதற்குப் பிறகு வந்த உயரக் கட்டட சாகசங்கள் எல்லாம் அந்தக் கையில் செயற்கை விரல் வைத்த கையுறையோடு செய்தவை. சாப்ளினுக்கு 'ஈஸி ஸ்ட்ரீட்' (1917) எடுக்கையில் தெருவிளக்குக் கம்பம் மூக்கில் விழுந்து வேலை நின்றது.

9 ஆகஸ்ட்

வாழைப்பழத் தோல் என்றதும் ஒன்று சொல்ல வேண்டும். 'தி ஹை சைன்' படத்தில் கீட்டன் தோலை நோக்கி நடந்து வருவார், நாம் தயாராக இருப்போம், அவர் வழுக்காமல் தாண்டிப் போய்விடுவார். அதுவே சிரிப்பு. இது எடுபட வேண்டுமானால் பார்ப்பவர்கள் முன்பே நூறு பேர் வழுக்கியதைப் பார்த்திருக்க வேண்டும். 1895-ல் லூமியேர் சகோதரர்கள் காட்டிய தோட்டக்காரன் படத்திலிருந்தே அச்சு அதுதான். பையன் குழாயை மிதிக்கிறான், தண்ணீர் நிற்கிறது, தோட்டக்காரன் குழாய் முனையை முகத்துக்கு நேரே பிடித்துப் பார்க்கிறான். பையன் காலை எடுக்கப்போவது நமக்குத் தெரியும், அவனுக்குத் தெரியாது. ஒரு நிமிடம்கூட ஓடாத படம், ஒரே ஷாட், பையனும் குழாயும் தோட்டக்காரனும் ஒரே ஃபிரேமில். இதற்குப் பிறகு வந்ததெல்லாம் இந்த மூன்று புள்ளிகளை எங்கே வைப்பது என்ற வேலைதான் என்பது என் திடமான எண்ணம்.

11 ஆகஸ்ட்

க்ரீம் பை (pie, மாவு ஓட்டுக்குள் க்ரீம் நிரப்பிய பலகாரம், காமெடியில் முகத்தில் வீசுவது) பற்றித் தனிச்செய்தியில் கேட்டவருக்கு இங்கேயே பதில், மற்றவர்களுக்கும் உதவும்.

பென் டர்பின் 1909-ல் 'மிஸ்டர் ஃபிளிப்' படத்தில் முகத்தில் வாங்கியதுதான் திரையில் முதல் பை என்று பொதுவாகச் சொல்வார்கள். 1913-ல் மேபல் நார்மண்ட் ஆர்பக்கிள்மீது வீசியதும் புகழ்பெற்றது. கடையில் வாங்கிய பை வீசுவதற்கு உதவாது. காற்றிலேயே ஓடு பிளந்து, உள்ளிருப்பது வீசியவன் சட்டையிலேயே வழியும். கீட்டன் சொன்ன செய்முறை இதற்காக உருவானது. உள்ளே எதுவும் இல்லாமல் மொறுமொறுப்பாகச் சுட்ட இரண்டு ஓடுகள், ஒன்றுக்குள் ஒன்று, நடுவில் மாவுப் பசை போட்டு ஒட்டியது. இரட்டை ஓடு கைக்குள் நொறுங்காது. அதற்குள் ஓர் அங்குலம் மாவும் தண்ணீரும் கலந்த கெட்டிப் பசை. முகத்தில் ஒட்டிக்கொள்வது இதுதான். மேலே அடிபடுபவரைப் பொறுத்த மேற்பூச்சு. வெளிர் முடி, வெளிர் உடை என்றால் கரும்பெர்ரிப் பழக்கூழும் தெறிப்பதற்குக் கொஞ்சம் க்ரீமும். கருமுடி, கருப்பு உடை என்றால் எலுமிச்சை மெரிங்கும் (முட்டை வெள்ளைக்கரு நுரை) அடித்த க்ரீமும்.

மேற்பூச்சில் இவ்வளவு கவனம் ஏன்? அன்றைய பிலிமுக்குச் சிவப்பு தெரியாது, சிவப்பெல்லாம் கருப்பாகப் பதியும். இயல்பான தோல் அழுக்காகத் தெரியும் என்பதால் முகத்தில் வெளிர்ப் பூச்சு கனமாகப் போடுவார்கள். வெள்ளை முகத்தில் வெள்ளை க்ரீம் விழுந்தால் திரையில் ஒன்றுமே நடக்காததுபோல் இருக்கும்.

தெறிப்பு வேண்டும், வழியவும் வேண்டும். க்ரீம் தெறிக்கும், பசை வழியும். பசை நீர்த்துப்போனால் முதல் நொடியிலேயே மோவாயைத் தாண்டிவிடும், அடிபட்டவன் விரலால் கண்ணைத் துடைத்துத் திறக்கும் அந்த அழகான இரண்டு நொடி கிடைக்காது.

11 ஆகஸ்ட், சற்று நேரம் கழித்து

அளவு பெருத்தால் சிரிப்பும் பெருக்கும் என்று எண்ணிவிட வேண்டாம். 'தி பேட்டில் ஆஃப் தி செஞ்சுரி' (1927) படத்தில் 3,000 பை செலவானதாக ஸ்டான் லாரல் சொன்னார். நெடுங்காலம் அந்தச் சண்டையின் சில துண்டுகள்தான் கிடைத்தன. துண்டாகப் பார்த்தபோது அது வெறும் களேபரம். 2015-ல் இரண்டாவது ரீல் கிடைத்தபோதுதான் கட்டுமானம் தெரிந்தது. காப்பீட்டுப் பணத்துக்காக லாரலை விழவைக்க ஹார்டி வாழைப்பழத் தோல் போடுகிறார், பைக்காரன் வழுக்குகிறான், அவன் ஹார்டியை அடிக்கிறான், குறி தவறியது ஒன்று வழியில் போகிறவர்மீது விழுகிறது. ஒவ்வொருவரும் சண்டைக்குள் வர ஒரு காரணம் இருக்கிறது. ஒவ்வொருவரும் முதலில் திகைக்கிறார்கள், நிமிர்கிறார்கள், பிறகே பையை எடுக்கிறார்கள். 3-ம் தேதி எழுதிய அந்த முறைதான் இங்கும். தெருவே சேர்ந்து வீசும்போது நமக்கு ஒவ்வொருவர் நியாயமும் தெரியும்.

14 ஆகஸ்ட் (கேள்வி கேட்டவர்)

பிரதிகளை ஒப்பிட்டேன். நீளமான பிரதியில் 'ஒன் ஏ.எம்.' இன்னும் நன்றாக இருந்தது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் அதில் கதையே இல்லையே. குடித்துவிட்டு வீட்டுக்கு வருகிறான், படுக்கப் போகிறான். இருபது நிமிடத்துக்கு மேல் எப்படி நிற்கிறது?

14 ஆகஸ்ட், இரவு

நல்ல இடத்தைத் தொட்டீர்கள். 1916–17-ல் மியூச்சுவல் நிறுவனத்துக்குச் சாப்ளின் செய்த பன்னிரண்டு குறும்படங்களில் அதுதான் துணிச்சல் மிக்கது. தொடக்கத்தில் டாக்சி ஓட்டும் ஆல்பர்ட் ஆஸ்டினைத் தவிர வேறு ஆளே இல்லை. எதிராளி மொத்தமும் பொருள்கள்தான்.

ஒவ்வொரு பொருளுக்கும் ஒரு நேர்மையான இயக்கம் இருப்பதுதான் அதன் பலம். வட்டமேசை சுழலும். மேலே புட்டியும் சோடாவும். அவர் புட்டியை நோக்கி நடக்கிறார், மேசை கூடவே சுழல்கிறது, புட்டி எப்போதும் எதிர்ப் பக்கம். மாடியில் பெரிய கடிகாரத்தின் ஊசல் அகலமாக வீசுகிறது, கதவுக்குப் போகும் வழி அதன் பாதையில். படுக்கை சுவரிலிருந்து மடங்கி இறங்குவது. எதுவும் மாயமில்லை. இரண்டு முறை பார்த்தால் இந்தச் சாமான் எப்படி நடந்துகொள்ளும் என்று நமக்கே தெரிந்துவிடும். அதற்குப் பிறகு அவர் கிட்டே போகும்போதே சிரிக்க ஆரம்பிக்கிறோம்.

எனக்கு மிகவும் பிடித்தது முதல் சில நிமிடம். சாவி கிடைக்கவில்லை என்று ஜன்னல் வழியாக உள்ளே வருகிறார். வந்த பிறகு சாவி கிடைக்கிறது. உடனே ஜன்னல் வழியாகவே வெளியே போய், சாவியால் கதவைத் திறந்து முறையாக உள்ளே வருகிறார். விழுவது, உதைப்பது எதுவும் அங்கே இல்லை. வீட்டுக்காரன் கதவு வழியாகத்தான் வர வேண்டும் என்ற ஒழுக்கம் மட்டும்தான் இருக்கிறது. விழும் ஆளுக்கு மரியாதை வேண்டும், தான் கெட்டிக்காரன் என்ற எண்ணம் வேண்டும். அது இல்லாத ஆள் விழுந்தால் பரிதாபம்தான் மிஞ்சும்.

'தி இமிக்ரன்ட்' (1917) பற்றி ஒரு சொல். கப்பல் ஆடுவதற்குப் படகுத் தளத்தையே ஆட்ட முடியாது. கேமராவின் தாங்கியில் திருகு அச்சு வைத்து, கீழே கனமான எடையைத் தொங்கவிட்டு ஊசலாட்டினார்கள். சாப்பாட்டுக் கூடத்தை மட்டும் ஆடுகட்டைமேல் கட்டினார்கள். கேமரா ஆடினால் தட்டு வழுக்காது, தட்டு வழுக்க வேண்டுமானால் தரை ஆட வேண்டும். அதனால்தான் இரண்டு ஏற்பாடு.

17 ஆகஸ்ட்

உயரம். லாய்டின் 'ஹை அண்ட் டிஸி' (1920), 'நெவர் வீக்கன்' (1921) இரண்டிலும் பின்னால் தெரியும் தெரு நிஜம். பின்திரையில் படம் ஓட்டியதில்லை. உயரமான கட்டடத்தின் கூரையில் ஒன்று அல்லது இரண்டு மாடி உயரத்துக்குப் பொய்ச்சுவர் கட்டுவார்கள். கூரையின் கைப்பிடிச்சுவர் ஃபிரேமுக்குக் கீழே மறையும்படி கேமராவை உயர்ந்த மேடையில் வைத்தால், பொய்ச்சுவருக்கு அப்பால் நேரே தெரு தெரியும். நடிகனுக்குக் கீழே மெத்தை பரப்பிய மேடை. ஆனால் மெத்தை மேடை அகலமாக இருந்தால் ஃபிரேமில் தெரிந்துவிடும், குறுக்கினால் ஆபத்து. 'சேஃப்டி லாஸ்ட்' (1923) சமயத்தில் பொம்மை ஒன்றை மெத்தைமேல் போட்டுப் பார்த்தபோது, அது எகிறிக் குதித்துத் தெருவில் போய் விழுந்ததாக லாய்டு சொல்லியிருக்கிறார்.

20 ஆகஸ்ட் (மூன்றாவது வாசகர்)

கல்லூரி விழாவுக்கு மூன்று நிமிட ஊமைப்படம் எடுக்கிறோம். ஃபோன் கேமராதான். ஏணி, பெயின்ட் வாளி, இரண்டு பேர். எதைக் கவனிக்க வேண்டும்?

20 ஆகஸ்ட், இரவு

நொடிக்கு 20 ஃபிரேமில் எடுக்க வசதியுள்ள கேமரா செயலி இருந்தால் 20-ல் எடுத்து 24-ல் ஓட்டுங்கள், 1.2 மடங்கு வேகம் வரும். இல்லாவிட்டால் 24-ல் எடுத்து எடிட்டிங்கில் 120 சதவீதம் வையுங்கள். 130-ஐத் தாண்டினால் முழங்கால் மடங்குவது பொம்மைத்தனமாகிவிடும். நடக்கும் காட்சிக்கு 110 போதும்.

ஷட்டர் மிக முக்கியம். பழைய கேமராவில் ஷட்டர் நொடியில் ஏறக்குறைய 30-ல் ஒரு பங்கு திறந்திருக்கும், அதனால் கை கால் அசைவில் இலேசான மங்கல் இருக்கும். ஃபோன் வெயிலில் தானாக 1,000-ல் ஒரு பங்குக்குப் போய்விடும், அசைவு துண்டு துண்டாக வெட்டியதுபோல் வரும். கையால் 48 அல்லது 50-ல் ஒரு பங்குக்குப் பூட்டுங்கள். வெளிச்சம் அதிகமானால் லென்ஸ் முன் ஒளிகுறைக்கும் வடிகட்டி வையுங்கள், அல்லது நிழலில் எடுங்கள்.

கேமரா அசையக் கூடாது. ஏணியின் உச்சியும் காலடியும் ஒரே ஃபிரேமில் இருக்க வேண்டும். வாளி விழப்போகிற இடம் விழுவதற்கு முன்பே ஃபிரேமில் தெரிய வேண்டும். படம் பார்ப்பவர் வாளியைக் கவனித்துவிட்டார் என்று உறுதியான பிறகே அடுத்தவன் உள்ளே வரட்டும், இரண்டு நொடி கொடுங்கள்.

ஏணியைத் தோளில் கிடைமட்டமாகச் சுமந்து திரும்பும்போது பின்முனை அடுத்தவன் தலையைத் தட்டும் சேட்டைதான் செய்யப்போகிறீர்கள் என்று நினைக்கிறேன். சுமப்பவனுக்குப் பின்னால் இருப்பது தெரியாது. எனவே நேரத்தை அடிவாங்குபவன்தான் பிடிக்க வேண்டும். ஏணி முனை முகத்திலிருந்து ஓர் அடி தள்ளி, கேமராவுக்கும் முகத்துக்கும் நடுவே கடந்து போகட்டும். அந்தக் கணத்தில் அவன் தலையைப் பின்னால் எறிய வேண்டும். பக்கவாட்டிலிருந்து எடுத்தால் அந்த ஓர் அடி தெரியாது. அலுமினிய ஏணி வேண்டாம், மூங்கிலில் இலேசாகக் கட்டி முனையில் நுரைப்பஞ்சு சுற்றிச் சாயம் பூசுங்கள். இரண்டு பேரும் எண்ணிக்கொண்டே பாதி வேகத்தில் ஒத்திகை பார்க்கட்டும், கால் எந்த எண்ணில் எங்கே என்று மனப்பாடமாகும்வரை முழு வேகத்துக்குப் போகாதீர்கள்.

'தி ஃபினிஷிங் டச்' (1928) பாருங்கள். நீளமான பலகை ஒன்று ஃபிரேமைக் கடந்து போய்க்கொண்டே இருக்கும். முன்முனையில் லாரல், கடைசியில் பின்முனையிலும் லாரல். நடுவே ஒரு வெட்டும் இல்லாததுபோல் தெரிய, பலகை ஃபிரேமின் இரண்டு ஓரத்தையும் நிரப்பியிருக்கும் நேரம் போதுமான அளவு நீள வேண்டும். உங்கள் மூங்கில் ஏணியிலும் இதைச் செய்யலாம். ஒருவன் முன்முனையைக் கடத்திவிட்டு, கேமராவுக்குப் பின்னால் ஓடி வந்து, பின்முனையைப் பிடிக்க வேண்டும். நடுப்பகுதியை ஃபிரேமுக்கு வெளியே இரண்டு பேர் தாங்குவார்கள். ஓட எவ்வளவு நொடி ஆகிறது என்று அளந்த பிறகு ஏணியின் நீளத்தை முடிவு செய்யுங்கள், நீளம் போதாவிட்டால் இன்னொரு துண்டைக் கட்டுங்கள்.

21 ஆகஸ்ட்

விட்டுப்போனது: பெயின்ட். நிஜப் பெயின்ட் கண்ணுக்கு ஆகாது. மைதாவைத் தண்ணீரில் கரைத்துக் காய்ச்சி ஆறவைத்த கஞ்சியில் சமையல் நிறமி கலந்தால் போதும். கறுப்பு வெள்ளையில்தான் வெளியிடப்போகிறீர்கள் என்றால், சட்டைக்கும் கஞ்சிக்கும் உள்ள வித்தியாசத்தை ஃபோனில் கறுப்பு வெள்ளை வைத்து முன்பே பாருங்கள். கண்ணுக்குச் சிவப்பும் பச்சையும் எதிரெதிராகத் தெரிந்தாலும், கறுப்பு வெள்ளையில் இரண்டும் ஒரே சாம்பலாகிவிடலாம்.

வாளி உயரத்திலிருந்து விழுவதானால் இலேசான பிளாஸ்டிக் வாளி, கம்பிக் கைப்பிடியைக் கழற்றிவிட்டு. உள்ளே கால் லிட்டருக்கு மேல் ஊற்ற வேண்டாம். மீதியைத் தனியாக, ஃபிரேமுக்கு மேலே நிற்பவர் குவளையால் ஊற்றட்டும்.

24 ஆகஸ்ட் (மூன்றாவது வாசகர்)

கஞ்சி சரியாக வந்தது. ஒரே சட்டைதான் இருக்கிறது. எந்த வரிசையில் எடுப்பது?

24 ஆகஸ்ட், இரவு

சட்டை சுத்தமாக இருக்க வேண்டிய ஷாட் எல்லாம் முதலில். ஏணிச் சேட்டை, பலகை ஓட்டம், முகபாவங்கள், முடிவுக் காட்சியில் சுத்தமாக வருபவர் யாராவது இருந்தால் அவரும். கஞ்சி விழுவது கடைசி ஷாட். அதற்கு முன் அதே அளவு வெறும் தண்ணீரை அவனுக்குப் பக்கத்தில் ஊற்றி, எங்கே விழுகிறது என்று பாருங்கள். அதே நிறத்தில் இன்னொரு சட்டை இரவலாகக் கிடைத்தாலும் வாங்கி வையுங்கள், இரண்டாவது டேக் தேவைப்படும். தரையில் சிந்தியதை ஒவ்வொரு டேக்குக்கும் நடுவே ஈரம் போகத் துடைத்துவிட்டு, ஏணி நிற்கும் இடத்தில் சாக்கு விரித்து மறுபடி நிறுத்துங்கள்.